அம்மையநாயக்கனூரில் இறங்கியவர்கள்

ரயில் நிலையங்களின் பெயர்ப் பலகைகளில் 'ரோடு' என்னும் சொல் ஒட்டிக்கொண்டிருப்பதைப் பயணம் செய்தவர்கள் கவனித்திருப்பார்கள். வடக்கே அபு ரோடு, நாசிக் ரோடு, வசாய் ரோடு எனப் பல உண்டு. நம் பக்கத்தில் எல்லோரும் அறிந்தது கொடைக்கானல் ரோடு. மக்கள் வாயில் கொடைரோடு. இந்த நிலையத்தில் இறங்கினால் நீங்கள் கொடைக்கானலுக்கு வந்துவிடவில்லை, அங்கே போகும் சாலை இங்கிருந்து தொடங்குகிறது, இனி உங்கள் பாடு என்பதுதான் அந்தச் சொல்லின் பொருள். கொடைரோட்டில் அந்தச் சாலையின் நீளம் ஏறத்தாழ 80 கிலோமீட்டர்.

நிலையம் அமைந்திருக்கும் ஊரின் பெயர் அம்மையநாயக்கனூர். பாளையப்பட்டு இருந்த ஊர். நிலையத்துக்கும் முதலில் அந்தப் பெயர்தான் இருந்தது. பின்னர் மலைநகரத்தின் பெயர் நிலையத்தை எடுத்துக்கொண்டது. 80 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் ஊரின் பெயர் காலடியில் இருக்கும் ஊரின் பெயரை எப்படி இடம்பெயர்த்தது என்று யோசித்துக்கொண்டு போனால், திண்டுக்கல் சமவெளியில் ரயிலும் சாலை வாகனமும் சேர்ந்த கதையும் சேராத கதையும் கிடைக்கின்றன. அதைச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

*

தென்னிந்திய ரயில்வேயின் மீட்டர் கேஜ் பாதை திருச்சிராப்பள்ளியிலிருந்து திண்டுக்கல் வழியாக மதுரையை எட்டியது 1875ஆம் ஆண்டில். அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் அது தூத்துக்குடித் துறைமுகத்தைத் தொட்டுவிட்டது. பாதையின் நோக்கம் இந்தத் தேதிகளிலேயே தெரிகிறது. சென்னையைத் தூத்துக்குடியோடும், அங்கிருந்து கப்பல் வழியாகக் கொழும்போடும் இணைக்க வேண்டும். இடையில் கிடக்கும் சமவெளி கடந்து செல்ல வேண்டிய தூரம், அவ்வளவே. மணப்பாறை, வையம்பட்டி, அய்யலூர், வடமதுரை, தாமரைப்பாடி என்று வந்த தண்டவாளம், திண்டுக்கல்லைத் தாண்டியதும் சிறுமலைக்கும் மேற்கு மலைகளுக்கும் நடுவே உள்ள இடைவெளியில் இறங்கி, அம்பாத்துரை, அம்மையநாயக்கனூர், வாடிப்பட்டி, சோழவந்தான் வழியாக மதுரைக்குப் போனது. பொறியாளனுக்கு வேண்டியது நேர்க்கோடும் சரிவு குறைந்த நிலமும். ஊர்கள் அந்தக் கோட்டில் இருந்தால் அவர்கள் அதிர்ஷ்டம்.

அதிர்ஷ்டமில்லாத ஊர்களின் பட்டியல் நீளமானது. நிலக்கோட்டை, வத்தலக்குண்டு, செம்பட்டி, நத்தம், வேடசந்தூர் ஆகிய எதிலும் இன்றுவரை ரயில் நிலையம் கிடையாது. இவற்றில் வத்தலக்குண்டு இலக்கிய வாசகர்களுக்கு அறிமுகமான ஊர். 'கமலாம்பாள் சரித்திரம்' எழுதிய ராஜமையர் அங்கே பிறந்தது 1872இல். அதாவது அம்மையநாயக்கனூருக்கு ரயில் வருவதற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன். 'மணிக்கொடி'யைச் சிறுகதை இதழாக நடத்திய பி. எஸ். ராமையாவின் ஊரும் அதுவே. அவருடைய பெயரின் முதலெழுத்தில் அந்த ஊர் இருக்கிறது. 'எழுத்து' இதழைத் தொடங்கிய சி. சு. செல்லப்பாவும் சின்னமனூரில் பிறந்தாலும் வத்தலக்குண்டில் வளர்ந்தவர். நவீனத் தமிழ் உரைநடையின் மூன்று முக்கியமான பெயர்கள் ரயில் எட்டாத ஒரே ஊரிலிருந்து கிளம்பிச் சென்னைக்குப் போயிருக்கின்றன. அந்த ஊருக்கு அருகிலிருக்கும் நிலையம் கொடைரோடுதான். ராஜமையர் மாணவராக இருந்த காலத்தில் வத்தலக்குண்டிலிருந்து ரயிலடிக்கு வர மாட்டு வண்டி, இல்லாவிட்டால் கால்நடை என்பதற்கு மேல் வழி எதுவும் இருந்திருக்க முடியாது.

*

ஆனால் அதே நிலையத்தில் இறங்கிய வேறொரு வகைப் பயணிக்கு வண்டி காத்திருந்தது.

அமெரிக்க மதுரை மிஷனைச் சேர்ந்தவர்கள் 1845இல் கொடைக்கானலில் முதல் பங்களாக்களைக் கட்டினார்கள். சமவெளியின் வெயிலுக்கும் காய்ச்சலுக்கும் தப்பி மலையேறும் வழக்கம் அங்கே தொடங்கிவிட்டது. 1875இல் ரயில் வந்ததும், சென்னையிலிருந்து வரும் ஐரோப்பியக் குடும்பம் அம்மையநாயக்கனூரில் இறங்கி மாட்டு வண்டியில் ஏறும். அங்கிருந்து பெரியகுளத்தை அடுத்த கிருஷ்ணம்ம நாயக்கன் தோப்பு வரை ஏறத்தாழ 33 மைல். இரவு முழுவதும் வண்டிப் பயணம். தோப்பிலிருந்து மலைப்பாதை. குதிரையில் ஏறக்கூடியவர் குதிரையில் ஏறுவார். மற்றவர்களையும் மூட்டை முடிச்சுகளையும் கூலியாட்கள் நாற்காலி கட்டித் தோளில் சுமந்து ஏறுவார்கள். ரயில், மாட்டு வண்டி, குதிரை, மனிதத் தோள் என்னும் நான்கும் ஒன்றோடொன்று கோத்த ஏற்பாடு அது. இன்று 'இணைப்புப் போக்குவரத்து' என்று நாம் சொல்வது அந்தக் காலத்திலேயே இங்கே நடந்திருக்கிறது. மலைக்குப் போகிறவருக்காக நடந்தது என்பதுதான் வேறுபாடு. தோள் கொடுத்தவர்கள் அந்த ஏற்பாட்டின் ஓர் உறுப்பு; அதன் பயணிகள் அல்லர்.

வண்டிச் சாலை ஒன்றை மலைக்கு அமைக்கும் முயற்சி 1870களிலேயே தொடங்கியது. 'லா' என்னும் ராணுவப் பொறியாளர் வத்தலக்குண்டுப் பக்கமிருந்து ஏறும் வழியை வகுத்தார். 1876 முதல் 1878 வரை நீடித்த பெரும் பஞ்சத்தில் வேலை நின்றுபோனது. 'லா'வின் பெயராலேயே இன்றும் வழங்கும் அந்த மலைச்சாலை, முதல் உலகப் போர்க் காலத்தில்தான் முழுமையாகப் போக்குவரத்துக்கு வந்தது. மாட்டு வண்டியும் நாற்காலியும் போய் மோட்டார் வந்தது. ரயிலடி வாசலில் மலைக்குப் போக வண்டி நிற்கும் பழக்கம் மட்டும் மாறவில்லை. சென்னையிலிருந்து இரவில் புறப்பட்டுக் கொடைரோட்டை அதிகாலையில் அடையும் பாண்டியன் விரைவு வண்டிக்காக வாடகைக் கார்களும் வேன்களும் காத்து நிற்பதை இப்போதும் காணலாம். நிலக்கோட்டைக்கும் வத்தலக்குண்டுக்கும் போகவேண்டியவர் அதே விளக்கு வெளிச்சத்தில் பையோடு சாலைக்கு நடந்து போவதையும் காணலாம்.

*

சமவெளிக்காரருக்கு விடிவு கொண்டுவந்தது பேருந்து. டி. வி. சுந்தரம் ஐயங்கார் 1910களின் தொடக்கத்தில் தஞ்சாவூருக்கும் புதுக்கோட்டைக்கும் இடையே பேருந்து ஓட்டத் தொடங்கினார். பின்னர் மதுரையை மையமாகக் கொண்ட சதர்ன் ரோட்வேஸ் வளர்ந்தது. டி.வி.எஸ். பஸ் வருவதைப் பார்த்துக் கடிகாரத்தைச் சரிசெய்து கொள்ளலாம் என்று எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டு வளர்ந்த தலைமுறை என்னுடையது. கொஞ்சம் மிகையாகவே இருக்கலாம். ஆயினும் ஊர்ச் சாவடியில் நிற்கும் விவசாயிக்குக் கால அட்டவணை என்னும் ஒன்று உண்டு, அதை நம்பலாம் என்று கற்றுக்கொடுத்ததில் பேருந்துக்கு ரயிலைவிடப் பெரிய பங்கு உண்டு. ரயில் தன் நிலையத்துக்கு வரச்சொன்னது. பேருந்து ஊருக்குள் வந்தது.

செல்லப்பாவைப் பற்றிய ஒரு செய்தியை இங்கே நினைத்துக்கொள்ளலாம். எழுத்து பிரசுரத்தின் நூல்களை மூட்டையாகக் கட்டிச் சுமந்துகொண்டு கல்லூரி கல்லூரியாகப் போய் விற்றவர் அவர். தமிழ்ச் சிறுபத்திரிகை இயக்கம் தபால்காரரின் பையில் மட்டும் வளர்ந்ததில்லை. ரயிலடியிலிருந்து பேருந்து நிலையத்துக்கும், அங்கிருந்து கல்லூரி வாசலுக்கும் ஒரு முதியவர் தோளில் சுமந்த மூட்டையிலும் வளர்ந்திருக்கிறது. அப்படிச் சுமந்தவருக்கு நிலையத்துக்கும் பேருந்துக்கும் இடையே கிடக்கும் தூரத்தின் எடை தெரிந்திருக்கும்.

*

1928இல் இந்தப் பகுதிக்கு இரண்டு புதிய பாதைகள் வந்தன. ஒன்று திண்டுக்கல்லிலிருந்து பழனி வழியாகப் பொள்ளாச்சிக்கு. மற்றொன்று மதுரையிலிருந்து தேனி வழியாகப் போடிநாயக்கனூருக்கு. பழனிப் பாதை யாத்திரிகர்களின் பாதை. 1932இல் பொள்ளாச்சியும் பாலக்காடும் இணைக்கப்பட்டதும், கேரளத்துப் பக்தர்கள் வண்டி ஏறி முருகன் அடிவாரத்துக்கு வர வழி பிறந்தது. அக்கரைப்பட்டி, ஒட்டன்சத்திரம், சத்திரப்பட்டி ஆகியவை ரயிலடி ஊர்களாயின.

இரு பாதைகளும் வந்த நேரம் மட்டும் சரியாக அமையவில்லை. 1930களில் நாடு முழுவதும் மோட்டார் பேருந்துகள் ரயிலின் குறுந்தூரப் பயணிகளை இழுத்துக்கொண்டன. பொருளாதார மந்தமும் சேர்ந்துகொள்ள ரயில்வே வருவாய் சரிந்தது. அரசு மிட்செல், கர்க்நஸ் என்னும் இரு அதிகாரிகளைக் கொண்டு ஆராய்ந்தது. அவர்களுடைய அறிக்கை 1933இல் வந்தது. அது விவாதித்த சிக்கலின் பெயர் 'ரயில்–சாலைப் போட்டி'. அந்தப் பெயரிலேயே பிழை இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. வத்தலக்குண்டுக்காரருக்குப் பேருந்து எப்படி ரயிலின் போட்டியாக இருக்க முடியும்? பேருந்து இல்லாவிட்டால் அவரால் ரயிலுக்கே வர முடியாது. திண்டுக்கல்–மதுரை போல இணையாக ஓடும் தடத்தில் போட்டி. கொடைரோடு–வத்தலக்குண்டு போலக் குறுக்காக ஓடும் தடத்தில் துணை. இந்த இரண்டையும் பிரித்துப் பார்த்துத் துணையை வளர்த்திருக்க வேண்டும். 1939ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் வழித்தட உரிமங்களை ஒழுங்குபடுத்தியது. எந்தப் பேருந்து எந்த ரயிலுக்காகக் காத்திருக்க வேண்டும் என்னும் கேள்விக்கு உரிமத் தாளில் இடம் இல்லாமலே போனது.

விடுதலைக்குப் பின் இன்னொரு வாய்ப்பு வந்தது. 1950ஆம் ஆண்டின் சாலைப் போக்குவரத்துக் கழகச் சட்டம், மாநிலங்கள் அமைக்கும் பேருந்துக் கழகங்களில் ரயில்வேயின் வழியாக மத்திய அரசும் முதல் போட வழி வைத்தது. ஒருங்கிணைப்பு அதன் நோக்கங்களில் ஒன்று. கேரளம், மராட்டியம் போன்ற மாநிலங்களின் கழகங்களில் அப்படி மத்திய முதலீடும் இருந்தது. தமிழ்நாடு வேறு வழியில் போனது. 1972இல் தனியார் பேருந்துகள் அரசுடைமையானபோது, பாண்டியன், பல்லவன், சேரன், சோழன் என்று கம்பெனிச் சட்டத்தின்கீழ் மாநில அரசுக்கே உரிய நிறுவனங்களாக அவை அமைந்தன. சதர்ன் ரோட்வேஸின் பேருந்துகள் பாண்டியன் ரோட்வேஸுக்கு வந்தன. இந்த முறையினால் கிராமங்களுக்குப் பேருந்து பெருகியது. அதைக் குறைத்துச் சொல்வது நன்றி மறத்தல். ஆனால் ரயில் தில்லியின் கையிலும் பேருந்து சென்னையின் கையிலும் முழுவதுமாகப் பிரிந்தன. ஒரே மேசையில் உட்கார வேண்டிய கட்டாயம் இருவருக்கும் இல்லாமல் போயிற்று. முதலீடு இருந்த மாநிலங்களில் மட்டும் எல்லாம் சரியாக இணைந்துவிட்டதா என்று கேட்டால் இல்லை என்பதே பதில். பங்கு வைத்திருப்பது வேறு, அட்டவணையைச் சேர்ந்து எழுதுவது வேறு.

பேருந்து வெறும் போட்டியாளரன்று என்பதைப் போடிப் பாதையின் வரலாறு இருமுறை காட்டியது. அன்றைய மதுரை மாவட்டத்தின் மேற்குக் கோடிக்குப் போன அந்தத் தண்டவாளம், இரண்டாம் உலகப் போரின்போது 1942இல் பெயர்த்தெடுக்கப்பட்டது. மீண்டும் வண்டி ஓடியது 1954இல். அகலப்பாதையாக்கும் பணிக்காக 2010இன் இறுதியில் மீண்டும் நின்றது. தேனி வரை வண்டி திரும்பியது 2022 மே மாதம். போடிக்கு 2023 ஜூன். இருமுறையும் ஏறத்தாழப் பன்னிரண்டு ஆண்டுகள் கம்பம் பள்ளத்தாக்குக்கு ரயில் இல்லை. அந்த ஆண்டுகளில் அங்கிருந்தவர்களைச் சுமந்தது சாலைதான். பழனிப் பாதையும் இதே பணிக்காக மூடப்பட்டு, 2012இல் பழனி வரையும் 2015இல் பொள்ளாச்சி வரையும் திரும்பியது. ரயில் நின்றபோது பேருந்து தாங்கிக்கொண்டது. ரயில் திரும்பியபோது, தாங்கிய பேருந்து அதனோடு கைகோத்ததா என்று யாரும் கேட்கவில்லை.

*

இனி ஒரு பெயரைப் பற்றி. மதுரை மாவட்டத்திலிருந்து பிரிந்து 1985 செப்டம்பரில் திண்டுக்கல் தனி மாவட்டமானது. அதன்பின் திண்டுக்கல்லைத் தலைமையிடமாகக் கொண்டு அமைந்த பேருந்துக் கழகத்துக்கு ராணி மங்கம்மாள் பெயர் வைக்கப்பட்டது. இவ்வளவு பொருத்தமான பெயர் அந்தக் காலத்தில் வேறெந்தக் கழகத்துக்கும் அமையவில்லை என்பேன். 1689 முதல் 1706 வரை மதுரையை ஆண்ட மங்கம்மாளைத் தென்பாண்டி நாடு நினைவில் வைத்திருப்பது போர்களுக்காக அல்ல, சாலைகளுக்காகவும் சத்திரங்களுக்காகவும். வழிப்போக்கர் எங்கே களைத்து உட்காருவார், எங்கே தண்ணீர் வேண்டும் என்று எண்ணிப் பார்த்த ஆட்சி அது. மதுரை ரயில் நிலையத்துக்கு எதிரே அவர் பெயரால் நிற்கும் சத்திரம் இன்றும் உண்டு. ரயிலை விட்டு இறங்குகிறவர் வாசலைக் கடந்ததும் தங்க ஓரிடம். பதினேழாம் நூற்றாண்டின் விருந்தோம்பலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இயந்திரமும் அங்கே எதிரெதிரே நிற்கின்றன.

1997இல் தென்மாவட்டங்களில் ஒரு கழகத்தின் பெயரைச் சுற்றி எழுந்த சாதிக் கலவரங்களை அடுத்து, எல்லாக் கழகங்களின் பெயர்களும் நீக்கப்பட்டு, தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழகம் என்னும் ஒரே பெயர் வந்தது. அன்றைய நிலையில் அது தேவையான முடிவு என்றே கருதுகிறேன். ஆனாலும் அம்மையநாயக்கனூர் தன் பெயரை மலைக்குப் பறிகொடுத்தது போல, மங்கம்மாளும் பேருந்தின் நெற்றியிலிருந்து இறங்கிப்போனார். பெயரோடு அந்த எண்ணமும் இறங்கிப்போகக் கூடாது என்பதுதான் என் கவலை.

*

இன்றைய திண்டுக்கல் சந்திப்பில் நான்கு திசைகளுக்கும் பாதை உண்டு. திருச்சி, மதுரை, பழனி ஆகியவற்றோடு 1980களின் பிற்பகுதியில் கரூர்ப் பாதையும் சேர்ந்தது. சென்னைக்கும் பெங்களூருக்கும் தில்லிக்கும் இங்கிருந்தே ஏறலாம். நிலையத்திலிருந்து காமராஜர் பேருந்து நிலையம் ஒன்றரை, இரண்டு கிலோமீட்டர். பகலில் அது ஒரு தூரமே இல்லை. விடியற்காலை மூன்றரை மணிக்குக் கைக்குழந்தையோடும் பெட்டியோடும் இறங்கி, நத்தத்துக்கு முதல் பேருந்து எப்போது என்று தெரியாமல் நிற்கும் பெண்ணுக்கு அது பயணத்தின் மிக நீளமான பகுதி. சில வேளைகளில் மிக அதிகச் செலவான பகுதியும்கூட. சென்னையிலிருந்து வந்த பொதுப் பெட்டிக் கட்டணத்தோடு கடைசி இரண்டு கிலோமீட்டருக்குக் கொடுக்கும் ஆட்டோக் கூலியை ஒப்பிட்டுப் பார்த்தவர்களுக்கு இது புரியும்.

2021 மே முதல் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்கள் கட்டணமின்றிப் போகலாம். என் வகுப்புகளில் சிற்றூர்களிலிருந்து வரும் மாணவியரின் வருகையில் அதன் பயனைக் கண்ணால் காண்கிறேன். ஆனால் அவர்களில் ஒருத்தி மதுரைக்கோ திருச்சிக்கோ தேர்வெழுதப் போகும்போது, மலிவான ரயிலை விட்டுவிட்டு முழுத் தூரத்தையும் பேருந்திலேயே போகிறாள். காரணம் கேட்டால், "திரும்பி வரும்போது ரயில் லேட்டானா ஊருக்குக் கடைசி பஸ் போயிடும் சார்" என்கிறாள். தண்டவாளம் இருக்கிறது, பேருந்தும் இருக்கிறது. இரண்டுக்கும் நடுவே காத்திருக்கும் ஏற்பாடு இல்லை.

அப்படிக் காத்திருக்க வைக்க முடியும் என்பதற்கு உலகில் சான்று உண்டு. சுவிட்சர்லாந்தில் அஞ்சல் துறையின் பேருந்துகள் மலைக் கிராமங்களிலிருந்து ரயில் நேரத்துக்கு இறங்கி வந்து, பயணிகளை ஏற்றிக்கொண்டு திரும்புகின்றன. 1982இல் அங்கே ரயில்கள் மணிக்கொரு முறை ஒரே நிமிடத்தில் வரும்படி அட்டவணை அமைந்தது. 1987இல் மக்கள் வாக்கெடுப்பில் ஒப்புதல் பெற்ற 'ரயில் 2000' திட்டம், 2004 டிசம்பரில் முழு வடிவில் நடைமுறைக்கு வந்தது. முதலில் எந்த ஊரில் எந்த நிமிடத்தில் வண்டிகள் சந்திக்க வேண்டும் என்று முடிவு செய்தார்கள். அதற்கேற்பவே பாதை போட்டார்கள். நாம் தலைகீழாகச் செய்கிறோம். 2023இன் இறுதியில் கிளாம்பாக்கத்தில் மிகப் பெரிய பேருந்து முனையம் திறக்கப்பட்டபோது, அதையொட்டி ஓடும் ரயில் பாதையில் அதற்கென ஒரு நிலையம் இல்லை. 1875இல் நிலையம் வந்தது, சாலை பின்னால் வந்தது. ஏறத்தாழ 150 ஆண்டுகளுக்குப் பிறகு பேருந்து முனையம் வந்தது, ரயில் நிலையத்தைப் பின்னால் தேட வேண்டியிருந்தது.

திண்டுக்கல்லிலிருந்து பெரியகுளம், தேனி வழியாகக் குமுளிப் பக்கம் வரை புதிய பாதை வேண்டும் என்னும் கோரிக்கை நெடுங்காலமாக உண்டு. வரட்டும், வந்தால் வத்தலக்குண்டுக்கும் ஒரு நிலையம் கிடைக்கலாம். அதற்குள் செய்யக்கூடிய சிறிய காரியங்கள் பல. இரவு வண்டிகள் வரும் நேரத்துக்கு நிலையத்திலிருந்து பேருந்து நிலையம் வரை ஒரு நகரப் பேருந்து. கொடைரோடு நிலையத்தின் உள்ளே நிலக்கோட்டை, வத்தலக்குண்டுப் பேருந்து நேரங்களை எழுதிய ஒரு பலகை. அம்பாத்துரை போன்ற சிறு நிலையத்தில், அருகிலிருக்கும் காந்திகிராமத்துக்கும் சின்னாளப்பட்டிக்கும் வழிகாட்டும் ஓர் அம்புக்குறி. தாமதமான ரயிலுக்காகக் கடைசிப் பேருந்து பத்து நிமிடம் நிற்கலாம் என்று நடத்துநருக்கு ஓர் அனுமதி. இவற்றுக்கு மலையைக் குடைய வேண்டாம்.

அம்மையநாயக்கனூரில் 1875இல் ஒரு மாட்டு வண்டி ரயிலுக்காகக் காத்திருந்தது. ரயில் தாமதமானால் வண்டிக்காரர் மாட்டை அவிழ்த்துவிட்டுக் கூடுதலாக ஒரு மணி நேரம் காத்திருப்பார். மலைக்குப் போகும் துரைக்குக் கிடைத்த அந்த ஒரு மணி நேரத்தை நத்தத்துப் பெண்ணுக்கும் கொடுங்கள் என்பதுதான் கேட்பது.